கடைசிக் கல்லுக்கு அந்தப் பக்கம்

நம் வயதுக்காரர்கள் கூடினால் பேச்சு மூட்டுவலியில் தொடங்கி எப்படியும் மணலில் வந்து நிற்கும். போன வாரமும் அப்படித்தான் ஆயிற்று. உங்களில் ஒருவர் பேரப்பிள்ளைகளுக்குக் கடற்கரையைக் காட்டக் கூட்டிப்போய், கடலைத் தடுக்கக் கொட்டிய கருங்கல்லைக் காட்டிவிட்டுத் திரும்பி வந்ததாகச் சொன்னீர்கள். எல்லோரும் சிரித்தோம். எனக்குக் கருங்கல் பேச்சு வந்தால் எழுந்து போய்விடத் தோன்றும். ஏன் என்று அன்று சொல்லவில்லை, நாலு பேர் நடுவில் டீயைக் குடித்துக்கொண்டு சொல்லுகிற கதை இல்லை அது. எழுதிவிட்டால் நீங்கள் அவரவர் வீட்டில் உட்கார்ந்து படிப்பீர்கள், என் முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை.

நம் கரையை அப்போது நாம் மண்ணை வைத்துத்தான் அறிந்தோம், இல்லையா? பள்ளிக்கூடத்துப் படத்தில் இந்த மாவட்டத்தின் கடல் வெறும் நீலக் கோடு. உள்ளங்காலுக்கு அது அப்படி இல்லை. குளச்சலில் மணலோடு மீன் செதிளும் ஒட்டிக்கொண்டு வரும். மணவாளக்குறிச்சியில் கறுப்பு மணல், உச்சி வெயிலில் கால் வைத்தால் கொப்பளித்துவிடும். முட்டத்தில் செம்மண் மேடு செங்குத்தாகக் கடலுக்குள் இறங்கும், பாவாடையில் அந்தக் கறை பட்டால் எத்தனை அடித்துத் துவைத்தாலும் போகாது. கன்னியாகுமரியில் பல நிற மணலைப் பொட்டலம் கட்டி வெளியூர்க்காரர்களிடம் விற்பார்கள். எங்கள் ஊர் மணல் வெறும் மணல் நிறம், யாரும் காசு கொடுத்து வாங்க மாட்டார்கள். முட்டத்துக்குக் கிழக்கே எங்கோ என்று வைத்துக்கொள்ளுங்கள். ஊர்ப் பெயரைச் சொன்னால் இன்றைக்கும் இரண்டு ஊர்க்காரர்கள் சண்டைக்கு வருவார்கள்.

இரண்டு ஊர் என்றேன். நம் கடற்கரையில் ஓர் ஊர் எங்கே முடிகிறது, அடுத்தது எங்கே தொடங்குகிறது என்று வெளியாட்களுக்குத் தெரியாது. வீடுகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு நிற்கும். எங்களுக்கு மட்டும் அங்குலம் அங்குலமாகத் தெரியும். கோவில் வேறு, புனிதர் வேறு, திருவிழா வேறு, கமிட்டி வேறு. எங்கள் ஊருக்கும் கிழக்கே அடுத்த ஊருக்கும் நடுவே மணலில் இடுப்பளவு சிமெண்டுத் தூண் ஒன்று நின்றது. அதற்கு மேற்கே கரைமடி வளைத்தால் மீன் எங்களுக்கு, கிழக்கே வளைத்தால் அவர்களுக்கு. கரையில் நின்றபடியே இரண்டு பக்கமும் ஆள் பிடித்து இழுக்கிற பெரிய வலைதான் கரைமடி. அதை இழுக்க அகலமான மணல் வேண்டும். மணல் எந்த ஊருடையதோ மீன் அந்த ஊருக்கு. சாளை கூட்டமாகக் கரையொதுங்கும் காலத்தில் அந்தத் தூணுக்குப் பக்கத்தில் மண்டை உடையாமல் ஒரு வருடமும் போனதில்லை.

என் அப்பாவுக்குச் சொந்தமாக ஒரு கரைமடி இருந்தது. ஊர்க் கமிட்டியிலும் இருந்தார். சத்தம் போட்டுப் பேச மாட்டார். மெதுவாகச் சொல்வார், சொன்னதை மாற்ற மாட்டார். ஊரில் அதைப் பெரிய குணம் என்று கொண்டாடினார்கள். ஊருக்கு அது நல்ல குணமாகவே இருந்திருக்கலாம்.

அக்கா என்னைவிடப் பத்து வயது மூத்தவள். ஒரு பெரிய அடிதடிக்குப் பிறகு இரண்டு ஊர்ப் பங்குச் சாமியார்களும் உட்கார்ந்து பேசி, சமாதானத்துக்கு அடையாளமாக ஒரு கல்யாணத்தை முடித்துவைத்தார்கள். அதுதான் அக்காவின் கல்யாணம். அந்த ஊர்க் கமிட்டிக்காரர் ஒருவரின் மகன்தான் மாப்பிள்ளை. “பெண்ணக் குடுத்தாச்சு, இனி கல்லெறிய மாட்டானுவ” என்று அம்மா சொன்னாள். சமாதானம் இரண்டு சாளைக் காலம்கூடத் தாங்கவில்லை. கல்யாணத்தைத் திருப்பி வாங்க முடியாதே, அது மட்டும் நின்றது.

தூணைத் தாண்டினால் அந்த ஊரின் கல்லறைத் தோட்டம். அதன் மதிலை ஒட்டினாற்போல் அக்காவின் வீடு. ரோட்டு வழியாகப் போனால் சுற்று. நான் ஈர மணல் வழியாகத்தான் போவேன், கையில் தூக்குப்போணி, அதற்குள் அம்மா வைத்த நெத்திலி அவியல். இரண்டு ஊருக்கும் பேச்சுவார்த்தை இல்லாத நாட்களிலும் எங்கள் தூக்குப்போணிக்கு மட்டும் தடை இருந்ததில்லை. அலை வந்து போன இடத்தில் கால் வைத்தால் மணல் ஒரு நொடி வெளுத்து, பிறகு மறுபடி கறுக்கும். அதைப் பார்த்துக்கொண்டே நடந்தால் அக்கா வீடு வந்துவிடும்.

தலைப்பிரசவத்துக்கு அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தாள். அவள் கணவர் கொல்லத்துக்குத் தங்கல் போயிருந்தார். மாதக்கணக்கில் வேறு கரையில் தங்கி மீன்பிடிப்பதை நாம் அப்படித்தானே சொல்வோம். ஆண் பிள்ளை பிறந்தது. இரண்டு காது மடலிலும் பூனைமயிர். குளிப்பாட்டித் துடைத்துப் போட்டால் வீடு முழுவதும் தேங்காய் எண்ணெயும் சாம்பிராணியும் கலந்து மணக்கும். என் சுண்டுவிரலைக் கொடுத்தால் பிடித்துக்கொள்வான், எளிதில் விடமாட்டான். அவனுக்கு ஒரு பெயர் இல்லை. பெயர்தான் சண்டை.

தலைப்பிள்ளைக்குத் தாய் பிறந்த ஊர்க் கோவிலில் ஞானஸ்நானம் கொடுப்பது எங்கள் ஊர் வழக்கம். அவர்கள் ஊரில் எந்தப் பிள்ளையானாலும் அப்பன் ஊர்க் கோவில்தான். அக்காவின் மாமனார் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வந்து எங்கள் முற்றத்தில் உட்கார்ந்தார்.

“பிள்ளைக்க அப்பன் எங்க ஊருக்காரன். பேரு எங்க கோயிலுல எழுதணும்,” என்றார்.

“முறைன்னு ஒண்ணு உண்டும்லா,” என்று அப்பா மெதுவாகச் சொன்னார். “தலப்பிள்ள தாயூருலதான். அடுத்ததுக்கு நீரு எங்க வேணும்னாலும் கொண்டு போவும். இது இங்கதான்.”

“அப்பம் நாங்க எதுக்கு ஓய் இருக்கோம்?”

அன்று முடியவில்லை. மறுபடி வந்தார்கள், மறுபடியும் முடியவில்லை. அம்மா கருப்பட்டிக் காப்பி போட்டுப் போட்டு அலுத்துப்போனாள். எங்கள் சாமியார், நீங்கள் பேசி முடித்துவிட்டு வாருங்கள் என்று ஒதுங்கிக்கொண்டார், அவர்கள் சாமியாரும் அதையே சொன்னார். மூன்றாம் முறை அவர்கள் வந்து உட்கார்ந்து பேச்சு உச்சத்துக்குப் போன மத்தியானத்தில், உள்ளே சேலைத் தொட்டிலில் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தான். அப்படித்தான் எல்லோரும் நினைத்தோம். அக்கா அலறவில்லை. கதவருகே வந்து நின்று, “எம்மா, இவன் பாலு குடிக்க மாட்டுக்கான்” என்றுதான் சொன்னாள்.

அதற்கு முந்தின இரவு இலேசாக உடம்பு சுட்டதாம், அவ்வளவுதான். ஆபத்து என்று தெரிந்திருந்தால் மருத்துவச்சியே தலையில் தண்ணீர் ஊற்றி, சொல்ல வேண்டிய வாக்கியத்தைச் சொல்லியிருப்பாள். சாகக் கிடக்கிற பிள்ளைக்கு யார் வேண்டுமானாலும் ஞானஸ்நானம் கொடுக்கலாம், அது செல்லும். அம்மா கொடுத்திருக்கலாம், நான்கூடக் கொடுத்திருக்கலாம். யாருக்கும் தெரியவில்லை. நாங்கள் எந்தக் கோவில் என்று பேசுவதைக் கேட்டுக்கொண்டிருந்தோம்.

ஞானஸ்நானம் பெறாத பிள்ளைக்குக் கல்லறைத் தோட்டத்துக்குள் இடம் கிடையாது. எங்கள் பக்கத்தில் அப்போது அப்படித்தான், நம்மில் பலருக்கு நினைவிருக்கும். மதிலுக்கு வெளியேதான் புதைப்பார்கள். இப்போது உள்ளேயே அடக்குகிறார்கள், சாமியாரே வந்து ஜெபிக்கிறார். அதைக் கேள்விப்பட்ட அன்று எனக்குச் சந்தோஷம் வரவில்லை, கோபம்தான் வந்தது. இவ்வளவு சுலபமாக மாற்ற முடிகிறதை அன்றைக்கே மாற்றியிருந்தால் யார் குடி முழுகியிருக்கும்?

எங்கே புதைப்பது என்ற கேள்விக்கு அப்பா ஒரே ஒரு பதில் சொன்னார். “அவிய ஊருப் பிள்ளைன்னு சொன்னாவல்லா. அவிய கொண்டு போட்டும்.” சொல்லிவிட்டு வலை உலர்த்தப் போய்விட்டார். புதைக்கிற இடத்துக்கு வரவே இல்லை. அது கல்நெஞ்சு என்று அன்றைக்கு நினைத்தேன். முகத்தை யாரும் பார்த்துவிடக் கூடாது என்று போனார் என்று இப்போது தோன்றுகிறது. எப்படியானாலும் அவர் வரவில்லை, அந்த இடத்தை அவர் பார்க்கவில்லை.

நான் போனேன். யாரும் கூப்பிடவில்லை, தடுக்கவும் இல்லை. அக்காவின் கணவர் கொல்லத்திலிருந்து வந்து சேரவில்லை, மாமனாரே மண்வெட்டியை வாங்கிக் குழி தோண்டினார். கல்லறைத் தோட்டத்து மதிலின் கடல் பக்கத்து மூலை, அடம்பங்கொடி படர்ந்து ஊதாப் பூ பூத்துக் கிடந்த இடம். மூன்று நாள் எங்கள் முற்றத்தில் தொண்டை கிழியக் கத்திய மனிதர், அங்கே துண்டால் முகத்தைத் துடைத்துத் துடைத்துத் தோண்டினார். சிலுவை வைக்கக் கூடாது என்றார்கள். மண்ணைத் தட்டிவிட்டு வந்துவிட்டோம். அந்த இடம் எங்கே என்று அக்காவுக்கு நான்தான் சொன்னேன். பச்சை உடம்புக்காரியை வெளியே விடவில்லை. நாள் கழிந்து புருஷன் வீட்டுக்குத் திரும்பியதும் அவள் முதல் வேலையாக மதிலைச் சுற்றிக்கொண்டு அங்கே போனாள். பிறகு தினமும் போனாள்.

அந்த வருடம் ஆனியிலேயே கடல் ஏறிவிட்டது. ஆடிக் கடலை நாம் அறியாதவர்கள் இல்லை. ஆனால் அது அப்படிப்பட்ட கடல் இல்லை. ஒவ்வொரு அலையும் போகும்போது ஒரு கூடை மணலை அள்ளிக்கொண்டு போனது, கொண்டுவந்து போடவே இல்லை. முதல் வரிசைத் தென்னைகள் வேர் தெரிய நின்று, ஒவ்வொன்றாகத் தலைகுப்புற விழுந்தன. நல்ல தண்ணீர்க் கிணறு உப்புக் கரித்தது. அப்பாவின் வலைப்புரை ஒரு விடியற்காலையில் இல்லை, கூரை மட்டும் முட்டத்துப் பக்கம் ஒதுங்கியது. வீட்டுக்குள் படுத்திருந்தால் தரை அதிரும், அடுப்படிப் பாத்திரங்கள் தாமாகவே சிணுங்கும். கோவில் சொரூபத்தைத் தூக்கிக்கொண்டு கரைக்குப் போனோம், பெண்கள் முழங்காலில் நின்று ஜெபமாலை சொன்னோம். கடல் கோவிலின் முதல் படியை நனைத்தது.

அப்போதுதான் கல் வந்தது. அப்பாவும் கமிட்டியும் நாகர்கோவிலுக்கு நடையாய் நடந்து வாங்கிய கல். மலையடிவாரத்துக் குவாரிகளிலிருந்து லாரி லாரியாக வந்து கொட்டியது. பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளைகள் எல்லோரும் அங்கேதான். கல்லில் வெடி வைத்த துளையை விரலால் தடவி முகர்ந்தால் கந்தக வாசம் அடிக்கும். மாடளவு, சில இரண்டு மாடளவு. லாரி பின்பக்கத்தைத் தூக்கும்போது பூமி குலுங்கும், எல்லோரும் கைதட்டுவோம். கோவில் முன்னால் தொடங்கிக் கிழக்கே வளர்ந்துகொண்டே வந்தது சுவர். கடல் அதில் மோதித் திரும்பியதைப் பார்த்து ஊரே கண்ணைத் துடைத்துக்கொண்டது. அப்பாவுக்கு மாலை போடாத குறை. கல் போட்ட இடத்தில் இனி கரைமடி இழுக்க முடியாது என்பது அன்று யாருக்கும் உறைக்கவில்லை. அவருக்கே உறைக்கவில்லை.

சுவர் எங்கே நிற்கும் என்ற கேள்வி வந்தது. எல்லைத் தூணோடு நிற்கும் என்று கமிட்டி முடிவு செய்தது.

அக்கா வந்தாள். மணல் வழி அடைபட்டுப்போனதால் ரோட்டைச் சுற்றிக்கொண்டு, வேர்வையோடு வந்து அடுக்களை வாசலில் உட்கார்ந்தாள். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

“எப்பா, தூணோட நிறுத்தாண்டாம். எங்க கல்லறைத் தோட்டத்து மதிலு மூல வரைக்கும் போடச் சொல்லுங்க. ஒரு வீட்டு நீளம்தான் வரும்.”

“அது அவிய கரை மக்ளே.”

“கரை ஆருக்கதா இருந்தா என்ன? பிள்ள நம்மதில்லா.”

அப்பா அதற்கும் மெதுவாகத்தான் சொன்னார். “நம்ம கல்லு அங்க ஒண்ணு விழுந்தா, கல்லப் போட்டு கரையப் பிடிக்கானுவன்னு நாளைக்கு அருவாளோட வருவானுவ. ஊருக்கு நான் என்ன பதில் சொல்ல?”

“மாமாவுக்குச் சம்மதம்னா போடுவியளா?”

“அவரு சம்மதிக்க மாட்டாரு,” என்றார் அப்பா. எதிரியை அவருக்கு நன்றாகத் தெரியும்.

அக்கா போய் மாமனாரைக் கேட்டாள். அவர் சொன்னதை எங்களிடம் வந்து அப்படியே சொன்னாள். “அவிய கல்லு நம்ம மண்ணுல கெடந்தா, மண்ணு அவியளுக்கதாயிரும் பிள்ளே. நமக்கும் கல்லு வரும், பொறு.” அவர்களுக்குக் கல் வர அதற்குப் பிறகு வருடங்கள் ஆயின. ஊர் மானத்தைக் காப்பதில் என் அப்பாவும் அவரும் ஒரே அச்சில் வார்த்தவர்கள், சம்பந்திகளாக இருக்க முழுத் தகுதி உடையவர்கள். கல்லறைத் தோட்டத்துக்குள்ளே மாற்றிப் புதைக்கலாமா என்று அக்கா அவர்கள் ஊர் உபதேசியாரிடமும் கேட்டுப் பார்த்தாள். விதி இல்லை என்றார்.

சுவர் தூணோடு நின்றது.

கல் கடலைத் தடுக்கும் என்றுதான் நாங்கள் நினைத்தோம். தடுக்கப்பட்ட கடல் எங்கே போகும் என்று ஒருவரும் நினைக்கவில்லை. தலைமுறை தலைமுறையாகக் கடலில் பிழைத்தவர்கள் நாங்கள், எங்கள் புத்தி அவ்வளவுதான். கடல் எங்கள் கல்லில் மோதி, கல்லோடு கல்லாக உரசிக்கொண்டே கிழக்கே போய், கடைசிக் கல் முடிந்த இடத்தில் உள்ளே திரும்பியது. அரைவட்டமாக அரித்தது. முதலில் அந்தத் தூணையே தின்றது. இரண்டு கமிட்டியும் சேர்ந்து வந்து அந்த இடத்தில் ஒரு கழியை நட்டார்கள், மறுநாள் கழியும் இல்லை. எல்லையே கடலுக்குள் போன பிறகும் எல்லைச் சண்டை நிற்கவில்லை.

அக்கா காலையில் வீட்டு வேலையை முடித்துவிட்டு மதில் மூலையில் போய் உட்கார்ந்துவிடுவாள். அம்மா சோறு கொடுத்தனுப்புவாள். நான் கொண்டு போகும்போதெல்லாம் கடல் ஒரு கை அருகே வந்திருக்கும்.

“வா அக்கா, வந்து சோறு தின்னு.”

“அங்க பாரு, அடம்புக்க வேரு தெரியுது,” என்பாள். வேறு எதுவும் பேச மாட்டாள். அவள் அழுதிருந்தால் எனக்குப் பயமாக இருந்திருக்காது. கடலைப் பார்த்தபடி, சுமட்டுக்காரி சுமை இறக்க இடம் பார்ப்பதுபோல் இடம் பார்த்துக்கொண்டிருந்தாள். அலை இன்னும் எவ்வளவு தூரம், இன்னும் எத்தனை நாள் என்பது மட்டும்தான் அவள் கவலை. கடலுக்குள் போய்விட்டால் பிள்ளை எங்கே என்று எந்தப் பக்கம் பார்த்து அழுவது என்று ஒருமுறை கேட்டாள். எனக்குப் பத்து வயது, தூக்குப்போணியைத் திறந்து சோற்றை அவள் முன்னால் வைத்தேன்.

பிறகு அவளுக்குக் காய்ச்சல் வந்து மாமியார் வீட்டுக்குள் பிடித்துப் படுக்கவைத்தாள். அன்று எங்கள் வீட்டில் அப்பா சாப்பிட உட்கார்ந்தபோது அம்மா மீன் துண்டை வைத்துக்கொண்டே, “ஒங்களுக்கு ஒரு பேரன் இருந்தாம்லா. அந்த நெனவு உண்டா?” என்றாள். அம்மா அப்பாவிடம் அப்படிப் பேசி நான் கேட்டதே இல்லை. அப்பா தட்டிலேயே கையைக் கழுவினார்.

மறுநாள் காலையில் நான் பள்ளிக்கூடம் போய்விட்டேன். மத்தியானம் சோற்றுக்கு வந்தபோது அப்பா வாசலிலேயே நின்றிருந்தார். வேட்டியெல்லாம் கல் தூசி. முகத்தில் ஒரு வெளிச்சம். அந்த முகத்தை இப்போதும் என்னால் பார்க்க முடிகிறது. பரிசு வாங்கிய பிள்ளையின் முகம் அது.

“அக்காளக் கூட்டிட்டு மதிலு மூலைக்கு வா,” என்றார். “நான் வரச் சொன்னேன்னு சொல்லு.”

கோவில் முன்னால் சுவர் சரிந்த இடத்துக்கு வந்த கடைசி லாரியை அவர் ரோட்டிலேயே மறித்து, கமிட்டியிடம் ஒரு வார்த்தை கேட்காமல், எல்லையைத் தாண்டிக் கொண்டுபோய்க் கொட்டியிருந்தார். வாழ்க்கையில் முதல்முறையாகச் சொன்ன சொல்லை மாற்றியிருந்தார். நான் ரோட்டு வழியாக ஓடினேன். அக்கா காய்ச்சலோடு சேலையை இழுத்துப் போர்த்திக்கொண்டு வந்தாள்.

மதில் மூலையில் கற்கள் குவிந்து கிடந்தன. அலை வந்து அவற்றில் மோதித் திரும்பிக்கொண்டிருந்தது.

“இனி தொடாது மக்ளே,” என்றார் அப்பா.

அக்கா கற்களைப் பார்த்தாள், மதிலைப் பார்த்தாள், மூலையிலிருந்து காலடி வைத்துப் பார்த்தாள். நானும் பார்த்தேன். குவியலிலேயே பெரிய கல், அந்த இடத்தில்தான் உட்கார்ந்திருந்தது.

“எந்த எடம்னு ஆருகிட்டயாவது கேட்டியளாப்பா?”

அப்பாவுக்கு முதலில் விளங்கவில்லை. “மூலைன்னுதான சொன்னிய,” என்றார். அவருக்கு மூலை மட்டும்தான் தெரியும். மூலையைக் காப்பாற்றியிருந்தார். அக்கா குனிந்து அந்தக் கல்லின் அடியில் கையை விட்டுத் தடவினாள். அதைப் பார்த்த பிறகு அப்பாவுக்கு விளங்கியது. ஓடிவந்து அந்தக் கல்லைக் கட்டிப்பிடித்து இழுத்தார். பத்துப் பேர் சேர்ந்தாலும் அசையாத கல். தோளைக் கொடுத்துத் தள்ளினார், காலை மதிலில் ஊன்றித் தள்ளினார். நகம் பெயர்ந்து இரத்தம் வந்தது. “எப்பா, விடுங்க” என்று அக்காதான் அவர் கையைப் பிடித்தாள். அவர் விடவில்லை.

அதற்குள் இரண்டு ஊரும் வந்துவிட்டது. அந்த ஊர்க்காரர்கள் கடப்பாரையோடு வந்தார்கள், எங்கள் கரையில் உங்கள் கல் எதற்கு என்று. எங்கள் கமிட்டிக்காரர்கள் பின்னாலேயே வந்தார்கள், ஊர்க் கல்லை யாரைக் கேட்டு அங்கே போட்டீர் என்று. கல்லை அப்புறப்படுத்த வேண்டும் என்று இரண்டு கமிட்டியும் ஒரே குரலில் சொன்னது. இரண்டு ஊரும் ஒரே வார்த்தை பேசி நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

கடப்பாரையோடு முன்னால் வந்தவர் அக்காவின் மாமனார். கல்லுக்கு அடியில் நெம்பக் குனிந்தவர் அப்படியே நின்றுவிட்டார். குழி தோண்டியவர் அவர்தானே. அவர் என் அப்பாவைப் பார்த்தார், அப்பாவின் கையைப் பார்த்தார். துண்டை எடுத்து நீட்டினார். அப்பா வாங்கவில்லை.

“பெரிய கல்ல மொதல்ல நெம்புங்க,” என்று பின்னாலிருந்து ஒருவர் சொன்னார்.

அக்கா கல்லுக்கு முன்னால் வந்து நின்றாள். ஆண்கள் கூடிய இடத்தில் பெண்பிள்ளை பேசுகிற வழக்கம் இல்லை. அவள் மாமனாரிடம் மட்டும் சொல்வதுபோல்தான் சொன்னாள், ஆனால் எல்லோருக்கும் கேட்டது.

“எடுக்காண்டாம் மாமா. எடுத்தா கடலு கொண்டு போயிரும். பிள்ளைக்குக் கெனக்கும்னு எனக்குத் தெரியும். கெனத்தாலும் கெடக்கட்டும்.”

மாமனார் கடப்பாரையைக் கீழே போட்டார். மற்றவர்கள் கொஞ்ச நேரம் முணுமுணுத்துவிட்டு ஒவ்வொருவராகக் கலைந்தார்கள். எங்கள் கமிட்டி அப்பாவை விலக்கியது. அவர் ஏன் என்று கேட்கவில்லை. இழுக்க மணல் இல்லாத கரைமடியை அறுத்துக் கயிறாக விற்றார். அதன் பிறகும் நெடுநாள் இருந்தார், கிழக்கே மட்டும் நடக்க மாட்டார். அவரை மன்னித்தாயா என்று கேட்காதீர்கள். சில நாள் மன்னிக்கிறேன், சில நாள் முடியவில்லை.

நடப்பதைச் சொல்லி முடிக்கிறேன். கல் மணலில் இறங்கும். கடல் அடி மண்ணை அரிக்க அரிக்கக் கல் கீழே போகும். சில வருடத்துக்கு ஒருமுறை அரசாங்கம் அதன் மேலேயே புதுக் கல்லைக் கொட்டும். இப்போது இரண்டு ஊருக்கும் ஒரே சுவர்தான், எங்கே அந்தக் கடைசிக் கல் என்று யாராலும் சொல்ல முடியாது. சுவருக்குப் பின்னால் தார் ரோடு, காடைப் பொரியல் கடை, ஞாயிற்றுக்கிழமைகளில் கார்கள். அக்காவுக்கு அதன் பிறகு மூன்று பிள்ளைகள் பிறந்து எல்லோரும் நல்ல நிலையில் இருக்கிறார்கள். மூத்தவன் நாகர்கோவிலில் வீடு கட்டி, வந்து இரு என்று கூப்பிட்டான். அவள் போகவில்லை. சாயங்காலமானால் மதில் மூலைக்கு எதிரே பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொள்கிறாள். அவள் அங்கே எந்தக் கல்லிலும் ஒருநாளும் உட்கார்ந்ததில்லை, கால் வைத்ததில்லை.

போன மாதம் பார்க்கப் போயிருந்தேன். வெளியூர்ப் பையன்கள் நாலைந்து பேர் போனை நீட்டிக்கொண்டு கல் மேல் ஏறினார்கள். அக்கா நாற்காலியிலிருந்து எழ முடியாமல் எழுந்து கையை ஆட்டினாள்.

“ஏலே, எறங்குங்க மக்கா. கெனக்கும்.”

அவர்கள் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். நல்ல பையன்கள்தான்.

“விழ மாட்டோம் பாட்டி, பயப்படாதீங்க,” என்றான் ஒருவன்.